மடிக்காத பாசி

உன்மே தீவு,
ஆறாம் மாதம், வளர்பிறை.

அன்புள்ள யொன்னிமுக்கு,

எழுந்து உட்கார்ந்து இதைப் படித்துக்கொண்டிருந்தால் உடனே படு. படுத்துக்கொண்டே படி. பிள்ளை பிறக்கும்வரை முதுகு மெத்தையை விட்டு எழக்கூடாது என்று டாக்டர் சொன்னபோது நீ முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டதை நான் பார்த்தேன். மொக்போவில் அவ்வளவு பெரிய ஆஸ்பத்திரி, கட்டிலுக்கே சாப்பாடு வருகிறது, நீயோ ஜன்னல் வழியாகக் கடல் தெரிகிறதா என்று எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருப்பாய். கடல் எங்கேயும் போய்விடவில்லை. இங்கேதான் இருக்கிறது. நான்தான் அதை அள்ளி அள்ளிப் பாறைக்கு ஊற்றிக்கொண்டிருக்கிறேன்!

யொன்னிம், வளர்ந்திருக்கிறது! பாறை முழுக்க மியொக் பாசி! அலை விலகும்போது பார்த்தால் பாறைக்குத் தலைமுடி முளைத்த மாதிரி அப்படியே தொங்குகிறது. தண்டு என் கட்டைவிரல் தடிமன். நடுநரம்பு அழுத்தமாக, இலை குறுகலாக, நீ எப்போதும் சொல்வாயே, அலை அடிக்க அடிக்கத்தான் இலை ஒடுங்கும், ருசி ஏறும் என்று, அதே மாதிரி. அடியில் பாவாடைக் கொசுவம் போலச் சுருள் சுருளாக அந்தக் ‘காது’ கூட வந்துவிட்டது. நேற்று ஒன்றைத் தொட்டுப் பார்த்தேன், விரலெல்லாம் வழவழவென்று ஆகிவிட்டது. அதிலிருந்துதான் கண்ணுக்குத் தெரியாத தூசியாக அடுத்த வருஷத்துக்கான விதை கடலில் கலக்கிறது என்று நம் அறுவடைத் தலைவி மக்ரே அக்கா சொன்னாள். எனக்கு மெய்சிலிர்த்துவிட்டது. மலைக்காட்டில் பிறந்தவனுக்கு விதை என்றால் கையில் எடுத்துப் பார்க்க வேண்டும். தூசியை எப்படி நம்புவது?

பனிக்காலத்தில் நான் அதே சந்தேகத்தோடுதானே பாறையைச் சுரண்டினேன்? ஞாபகம் இருக்கிறதா? வீட்டுக்கு ஒரு கை வராவிட்டால் அந்த வீட்டுக்கு அந்த வருஷம் பங்கு கிடையாது. உனக்கோ அப்போதுதான் நாள் தள்ளியிருந்தது. படகு எஞ்சின் ரிப்பேர் பார்க்கிறவன் கையில் சுரண்டியைக் கொடுத்து அனுப்பிவிட்டு, நீ கரையில் போர்வையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்து, “இன்னும் கீழே! அந்தப் பொந்துக்குள்ளே! அங்கே சிப்பி ஒட்டியிருக்கு பாருங்க!” என்று கத்தினாய். விரல் மரத்துப்போய் எனக்கு அழுகையே வந்துவிட்டது. மொட்டைப் பாறையைச் சுத்தம் செய்கிற ஊர் உலகத்தில் உண்டா என்று மனசுக்குள் திட்டினேன். விதை ஏற்கெனவே கடலுக்குள்ளே இருக்கிறது, அதற்கு ஒட்டிக்கொள்ள இடம்தான் வேண்டும் என்றாய். இப்போது பார்க்கும்போது அந்தப் பாறையைக் கட்டிப்பிடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது.

இந்தக் கோடையில் வெயில் கொல்கிறது. கடல் வற்றிப் பாறை வெளியே வந்ததும் இலை நுனி கருக ஆரம்பித்துவிடுகிறது. அதனால் எல்லா வீட்டுப் பெண்களும் சுரைக்குடுவையோடு வரிசையாக நின்று கடல்நீரை அள்ளி ஊற்றுகிறார்கள். பெண்கள் வரிசையில் ஒரே ஓர் ஆம்பிளை நான். பக்கத்து வீட்டுக் கொப்தான் இருக்கிறாளே, அவள் வாய் உனக்குத் தெரியும். நான் ஊற்றியதில் பாதி என் மேலேயே விழுந்தது. உடனே, “மாப்பிள்ளே, பாறைக்கு ஊத்தச் சொன்னா உங்க கால்சட்டைக்கு எதுக்கு ஊத்துறீங்க? அங்கெல்லாம் ஒண்ணும் முளைக்காது!” என்றாள். எனக்கு எங்கிருந்து தைரியம் வந்ததோ, “முளைச்சதாலதானே எம் பொண்டாட்டி மொக்போவுல படுத்திருக்கா!” என்று சொல்லிவிட்டேன்.

பாறையே அதிர்ந்தது சிரிப்பில். கொப்தான் குடுவையைத் தூக்கி என் முதுகில் அடித்தாள். அப்புறம் சட்டென்று எல்லோரும் ஒரே சமயத்தில் சிரிப்பை நிறுத்தினார்கள். எல்லோருக்கும் போன வருஷம் ஞாபகம் வந்துவிட்டது. மக்ரே அக்காதான், “ஊத்துங்கடி, வெயில் ஏறுது” என்றாள்.

போன வருஷத்தைப் பற்றி நாம் இரண்டு பேரும் பேசியதே இல்லை. எழுதும்போது கொஞ்சம் சுலபமாக இருக்கிறது. பிள்ளை பெற்றதும் உனக்கு சூப் வைக்க எடுத்துவைத்த பிள்ளைப்பாசி சுவரில் தொங்கிக்கொண்டிருந்தது, வேரோடு, மடித்தால் பேறு கடினமாகும் என்பார்களே, அதனால் மடிக்காமல், ஒடிக்காமல், நம் இரண்டு பேர் கையாலும் காயவைத்தது. அதற்குள் ஏழாம் மாதத்திலேயே பிள்ளை போய்விட்டது. பிள்ளை தங்காத தாய்க்கும் அந்த சூப் வேண்டும், உடம்பு தேற வேண்டும் என்று மக்ரே அக்கா சொன்னாள், நான் வைத்துக் கொடுத்தேன். “எந்தப் பிள்ளைக்கு இந்த சூப்?” என்று கேட்டுவிட்டு நீ திரும்பிப் படுத்துக்கொண்டாய். பானை நிறைய இருந்தபடியே ஆறிப்போனது. கடைசியில் கொண்டுபோய்க் கடலில் கொட்டினேன். எனக்கு அந்தப் பானையைக் கழுவத்தான் ரொம்ப நேரம் பிடித்தது.

அதனால்தான் படகு ஏறும்போது நீ என் சட்டையைப் பிடித்து, இந்த வருஷம் பிள்ளைப்பாசிப் பேச்சையே எடுக்கக்கூடாது என்று சொன்னதும் நான் ஏன் என்று கேட்கவில்லை. அறுவடை முடிந்து பங்கு பிரிப்பதற்கு முன்னால் மக்ரே அக்கா வழக்கம்போலக் கேட்பாள், வயிற்றுப்பிள்ளைக்காரி இருக்கிற வீடு எது என்று. அந்த வீட்டுக்குத்தான் முதல் கொடி, இருப்பதிலேயே நீளமான கொடி. கேட்டால் வாயைத் திறக்கக்கூடாது என்றாய். திறக்கமாட்டேன். தைத்துக்கொள்கிறேன்.

சாப்பிடு. நர்ஸ் கொடுப்பது உப்புச்சப்பில்லை என்று தள்ளி வைக்காதே. கீரையும் நெத்திலியும் கட்டி அனுப்பியிருக்கிறேன், நெத்திலி கொப்தான் வீட்டுது, உப்பு அதிகம், பார்த்துச் சாப்பிடு. உன் வயிற்றின் மேல் என் பேரைச் சொல்லி ஒரு தடவை கையை வை. உதைத்தால் எனக்கு எழுது.

பாறைக்குத் தண்ணீர் ஊற்றுகிறவன்,
உன் தொக்பே.

---

உன்மே தீவு,
ஆறாம் மாதம், அமாவாசை கழிந்து.

அன்புள்ள யொன்னிமுக்கு,

திட்டு. நன்றாகத் திட்டு. ஆனால் படுத்துக்கொண்டே திட்டு. நான் வாயைத் திறந்துவிட்டேன்.

முதலில் அறுவடையைச் சொல்லிவிடுகிறேன், அதைச் சொல்லாமல் இருந்தால் வெடித்துவிடுவேன். அமாவாசை வற்றம், விடியற்காலையிலேயே கடல் உள்வாங்கிவிட்டது. மக்ரே அக்கா அரிவாளை உயர்த்தினாள், அவ்வளவுதான், எல்லோரும் பாறை மேல்! ஒருவர் அறுக்க, ஒருவர் கூடையில் வாங்க, ஒருவர் முதுகில் சுமக்க. நானும் அறுத்தேன் யொன்னிம்! அலை வந்தால் குனிந்து பாறையைப் பிடித்துக்கொள்ள வேண்டும், அலை போனதும் ஓர் அறுப்பு. முதலில் நான் அலை வரும்போது அறுக்கவும் அலை போனதும் பிடித்துக்கொள்ளவும் செய்தேன். கொப்தானுக்கு நாள் முழுக்க அதைச் சொல்லிச் சிரிக்க வேண்டியிருந்தது. வெளிப்பாறையை மட்டும் யாரும் தொடவில்லை, அது விதைக்கு விட்டது. கூழாங்கல் கரையில் மியொக் குவியல் குவியலாக வந்து விழுந்தது, ஈரம் சொட்டச் சொட்ட, கரும்பச்சையாக. வாசனை! உனக்கு அந்த வாசனையை ஒரு புட்டியில் பிடித்து அனுப்பியிருக்கலாம்.

அப்புறம் மக்ரே அக்கா எழுந்து நின்றாள். எல்லோருக்கும் திடீரென்று வேலை வந்துவிட்டது. கொப்தான் ஏற்கெனவே கட்டியிருந்த தலைத்துணியை அவிழ்த்து மறுபடியும் கட்டினாள். ஒருத்தி காலியான கூடைக்குள் எதையோ தேடினாள். யாரும் என்னைப் பார்க்கவில்லை. மக்ரே அக்காவும் என்னைப் பார்க்காமல் கடலைப் பார்த்துத்தான் கேட்டாள், “வயித்துப்பிள்ளைக்காரி இருக்கிற வீடு எது?”

நான் பல்லைக் கடித்துக்கொண்டேன். சத்தியமாகக் கடித்துக்கொண்டேன். யாரும் வீட்டைச் சொல்லாவிட்டால் வழக்கப்படி அத்தோடு பங்கு பிரிக்கத் தொடங்கிவிட வேண்டும். அவள் தொடங்கவில்லை. இன்னொரு தடவை கேட்டாள். அப்படி இரண்டாம் தடவை கேட்டதை இந்த ஊரில் யாரும் பார்த்ததில்லையாம்.

யொன்னிம், நான் என்ன செய்வேன்? பேசாமல் நின்றால் இல்லை என்று சொன்ன மாதிரிதானே? உன் வயிற்றில் இருக்கிற பிள்ளையை, நீ கை வைத்தால் உதைக்கிற பிள்ளையை, இல்லை என்று சொல்லிவிட்டு நான் எப்படி வீட்டுக்கு வருவேன்? “இருக்கு! எங்க வீட்ல இருக்கு!” என்று கத்திவிட்டேன். கரையில் இருந்த நாயெல்லாம் குரைத்தது. மக்ரே அக்கா, “எனக்குக் காது செவிடாகலை மாப்பிள்ளே, மெதுவாச் சொல்லுங்க” என்று சொல்லிவிட்டு மூக்கைத் துடைத்துக்கொண்டாள். கொப்தான் வெளிப்படையாகவே அழுதுவிட்டாள், அப்புறம் உப்புத்தண்ணீர் கண்ணில் பட்டது என்றாள்.

கொடியை அவர்களே பொறுக்கினார்கள். தலைக்கு மேல் பிடித்தால் நுனி தரையில் கிடந்தது. வேரோடு, காதோடு, ஒரு கிழிசல் இல்லாமல். பிள்ளையைத் தூக்குகிற மாதிரி இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு மேட்டில் ஏறினேன். இனிமேல்தான் கேட்க வேண்டிய கதை. நீ சிரிப்பாயா, எழுந்து வந்து என்னை அடிப்பாயா என்று தெரியவில்லை. சிரி.

அதில் மணல் இருந்தது யொன்னிம். நத்தைக்குஞ்சு இரண்டு ஒட்டியிருந்தன. பச்சை உடம்புக்காரி குடிக்கப்போவது, பிள்ளைக்குப் பாலாக இறங்கப்போவது, இதில் மணலா? எங்கள் குரியே மலையில் பிள்ளை பெற்றவளுக்கு முதல் கீரை ஆக்கினால் ஊற்றுத்தண்ணீரில் அலசி அலசித்தான் எடுப்பார்கள். நேராக ஊற்றுக்குப் போனேன். குளிர்ந்த நல்ல தண்ணீரில், ஒவ்வொரு சுருளையும் பிரித்து, கொசுவத்துக்குள்ளெல்லாம் விரலை விட்டு, ஆசை ஆசையாகக் கழுவினேன். பாட்டு வேறு பாடினேன். அப்புறம் பாயில் நீளமாக விரித்து வெயிலில் போட்டுவிட்டுப் பெருமையாகப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

உனக்கு இப்போதே தெரிந்திருக்கும். உங்கள் தீவில் நடக்கத் தெரியாத குழந்தைக்குக்கூடத் தெரியுமாம். எனக்குத் தெரியவில்லை. வெயில் ஏற ஏறப் பக்கத்து வீட்டு மியொக் எல்லாம் கறுத்து முறுகிக்கொண்டு வருகிறது, என்னுடையது மட்டும் தளர்ந்து, கொழகொழவென்று கசிந்து, பச்சைத் திட்டுத் திட்டாகப் பாயில் ஒட்டிக்கொள்கிறது. தூக்கிப் பார்த்தேன், கையோடு பிய்ந்து வந்தது. கொப்தான் வேலிக்கு மேலே எட்டிப் பார்த்து, “மாப்பிள்ளே, இதை எதுல கழுவுனீங்க?” என்றாள். ஊற்றில் என்றேன். அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். “பச்சையா இருக்கிற மியொக்ல நல்ல தண்ணி படலாமாய்யா? கடல்ல அலசினா போதாதா? மலைக்காட்டுல உங்களுக்கு என்னதான் சொல்லிக் குடுத்தாங்க!”

ஊரைக் கூட்டிக் கத்தி வாங்கிய கொடியை என் கையாலேயே அழித்துவிட்டேன். போன வருஷம் கொடி இருந்தது, பிள்ளை தங்கவில்லை. இந்த வருஷம் கொடியே தங்கவில்லை என்றால்? உனக்கு எழுதவே கூடாது என்று நினைத்தேன். பாயோடு சுருட்டிக்கொண்டு மக்ரே அக்கா வீட்டு வாசலில் போய் நின்று அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், நன்றாக அழுதேன்.

அவள் பாயைப் பிரித்துப் பார்த்தாள். முகர்ந்து பார்த்தாள். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தாள் பார், இடுப்பைப் பிடித்துக்கொண்டு! “மியொக் கெட்டுச்சுன்னா மியொக் கெட்டுச்சு, அவ்வளவுதான். பிள்ளைக்கும் இதுக்கும் என்ன? உங்க கைதான் கெட்ட கை. அழுகையை நிறுத்துய்யா, மூக்கு ஒழுகுது.” ஆனால் அவளுக்கும் உடனே வழி தெரியவில்லை. எல்லா வீட்டிலும் வேரை வெட்டி, தண்டைப் பிளந்து, சட்டத்தில் வரிசையாக ஒட்டிவைத்தாகிவிட்டது. முழுக்கொடி எங்கேயும் மிச்சமில்லை. வெளிப்பாறையில் மட்டும்தான். அதுவோ விதைக்கு விட்டது, அரிவாள் படக்கூடாது.

பெண்கள் எல்லோரும் கிணற்றடியில் கூடிப் பேசினார்கள். நான் தள்ளி நின்று காது கொடுத்துக் கேட்டேன். ஒருத்தி கூடாது என்றாள். அடுத்த வருஷம் விளைச்சல் குறைந்தால் யார் பொறுப்பு என்றாள், அவள் கேட்டது நியாயம்தான். கொப்தான்தான் எனக்காகச் சண்டை போட்டாள். “ஒரே ஒரு கொடி! பனியில விரல் வெடிச்சு ரத்தம் வரச் சுரண்டுனாரு அந்த மனுஷன், நீங்கல்லாம் பாத்தீங்கல்ல? பிள்ளைக்குன்னா பாறை ஒண்ணும் கோவிச்சுக்காது!” கடைசியில் மக்ரே அக்கா சொன்னாள், காதை மட்டும் பாறையிலேயே விட்டுவிட்டு, அதற்கு மேலே அறுக்கலாம் என்று. விதை அங்கேயே இருக்கும், கொடி நமக்கு. வேர் வராது. வேர் இல்லாத பிள்ளைப்பாசி உண்டா என்று ஒருத்தி இழுத்தாள். “வேரு பாறையில இருந்தா என்ன, அவ வேரும் இங்கதானே இருக்கு” என்றாள் அக்கா. உன்னைத்தான் சொன்னாள்.

அலை அடிக்கிற இடத்தில் அறுப்பது என்றால் எப்போதும் நீதானே. உனக்குப் பதிலாகத் தான் போவதாக அக்கா அரிவாளை எடுத்தாள். நான் கொடுக்கவில்லை. எனக்கு நீச்சல் தெரியாது என்பதை யாரும் எனக்கு ஞாபகப்படுத்த வேண்டியதில்லை. கொப்தான் என் இடுப்பில் கயிற்றைக் கட்டி, “இறுக்கிக் கட்டியிருக்கேன் மாப்பிள்ளே, உசிரு போனாலும் உடம்பு வந்துடும்” என்று ஆறுதல் சொன்னாள். பெண்கள் எல்லோரும் கயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள், கூடாது என்று சொன்னவளும்தான்.

அங்கே அலை வேறு மாதிரி, யொன்னிம். வருவது தெரியாது, வந்த பிறகுதான் தெரியும். ஒரு தடவை என்னைப் பாறையோடு அறைந்தது. தொப்பி போனது. ஒரு ரப்பர் செருப்பு போனது. வாயில் உப்பு, கண்ணில் உப்பு. ஆனால் அலை போனதும் பார்த்தேன், எனக்கு நேர் கீழே ஒரு கொடி, கறுப்பாகப் பளபளத்துக்கொண்டு, அப்படியே என்னைப் பார்த்துத் தலையாட்டுகிறது. அலை போன பிறகு அறு, அலை போன பிறகு அறு என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே, காதை விட்டுவிட்டு, ஒரே அறுப்பு! கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டு கயிற்றை ஆட்டினேன். கரைக்கு இழுத்துப் போட்டபோது நான் ஒற்றைச் செருப்போடு சிரித்துக்கொண்டிருந்தேனாம். எனக்கே தெரியாது.

கடல்தண்ணீரில்தான் அலசினேன்! அக்கா பக்கத்திலேயே நின்றாள், என்னை நம்பவில்லை. அன்றைக்கென்று மேகம் வேறு வந்து வந்து போனது. நான் பாயை வெயிலோடு வெயிலாக முற்றம் முழுக்க இழுத்துக்கொண்டு திரிந்தேன். சாயங்காலத்துக்குள் காய்ந்துவிட்டது. இப்போது சுவரில் தொங்குகிறது. மடிக்கவில்லை, ஒடிக்கவில்லை. போன வருஷம் தொங்கிய அதே ஆணியில்தான். வேறு ஆணி அடிக்கலாமா என்று யோசித்தேன். அடிக்கவில்லை.

கோபமாக இருந்தால் ஒரு வரி எழுது. வேண்டாம், தூக்கிப் போடு என்றால் அதையும் எழுது.

வாயை மூடத் தெரியாத,
உன் தொக்பே.

---

மொக்போ, ஆஸ்பத்திரிப் படிக்கட்டு.
இன்று.

என் யொன்னிமுக்கு,

நர்ஸம்மா இந்தப் பானையை உன்னிடம் தரும்போது இந்தக் காகிதம் மூடிக்கு மேலே இருக்கும். முதலில் இதைப் படி. இல்லை, முதலில் குடி. இல்லை, இல்லை, படித்துக்கொண்டே குடி.

பெண் பிள்ளையாமே! நம் பெண்! இரண்டு பேரும் நன்றாக இருக்கிறார்கள் என்று அந்த அம்மா சொன்னதும் அவள் கையைப் பிடித்துக்கொண்டு விடவே மாட்டேன் என்றுவிட்டேன். “என் கையை விடுங்க, உள்ள வேலை இருக்கு” என்று கத்தினாள். ஆம்பிளைகளை உள்ளே விடமாட்டார்களாம். சட்டம் என்றால் சட்டம்தானாம். ஒரு நிமிஷம், வாசலில் நின்று பார்த்துவிட்டுப் போகிறேன் என்று கெஞ்சினேன். நடக்கவில்லை. ஆனால் அழுகைச் சத்தம் கேட்டது யொன்னிம். நம்முடையதுதான். இத்தனை பிள்ளைகளில் எப்படித் தெரியும் என்று கேட்காதே. கொப்தான் மாதிரிக் கத்தியது.

போன கடிதத்துக்கு நீ எழுதிய பதில் என் சட்டைப்பையில் இருக்கிறது. “நீச்சல் தெரியாத மனுஷன் வெளிப்பாறைக்கு எதுக்குப் போனீங்க? இன்னொரு தடவை போனா காலை ஒடிச்சுடுவேன்.” அவ்வளவுதான் எழுதியிருந்தாய். திருப்பித் திருப்பிப் படித்தேன். தூக்கிப் போடு என்று எங்கேயாவது இருக்கிறதா என்று தேடினேன். இல்லை. நாள் நெருங்கியதும் படகு எப்போது என்று விசாரிக்க ஓடினேன்.

கொடியை ஒரு மூங்கில் கழியில் நீளவாக்கில் கட்டி எடுத்துவந்தேன். பேருந்தில் ஏறினால் நடத்துனர்ப் பெண், “அதை மடிச்சு வைங்க, வழியை மறைக்குது” என்றாள். மடிக்கக்கூடாது என்றேன். “மடிக்காம எப்படி?” என்று கையை நீட்டியவள், பார்த்துவிட்டுக் கையை இழுத்துக்கொண்டாள். “பிள்ளைப்பாசியா? முதல்லயே சொல்றதுக்கென்ன!” என்றவள், பேருந்து முழுக்கக் கேட்கிற மாதிரி, “யாரும் அந்தப் பக்கம் சாயாதீங்க, பிள்ளைப்பாசி போகுது!” என்று கத்தினாள். முன்பின் தெரியாதவர்கள் எல்லோரும் கையைத் தூக்கிக் கழியை ஆளுக்கொரு பக்கம் தாங்கிக்கொண்டார்கள். எந்த மாசம், முதல் பிள்ளையா என்று கேள்வி மேல் கேள்வி. முதல் பிள்ளையா என்ற கேள்விக்கு, “இரண்டாவது” என்றேன். சொல்லலாம்தானே? எனக்குச் சொல்ல வேண்டும் போலிருந்தது.

இங்கே எதிரில் சாப்பாட்டுக் கடைக்காரம்மா அடுப்பு கொடுத்தாள். கத்தி எடுக்கவில்லை, கையால்தான் கிள்ளிப் போட்டேன், அது எனக்குத் தெரியும். காய்ந்த பாசியை நல்ல தண்ணீரில் ஊறப்போடும்போது மட்டும் கை கூசியது. “காஞ்சதுக்கு நல்ல தண்ணிதானே?” என்று அந்த அம்மாவை நாலு தடவை கேட்டேன், அவள் என்னைப் பைத்தியம் என்றே முடிவு கட்டிவிட்டாள். கொஞ்சமாகப் போட்டேன், பாத்திரம் நிறைய உப்பி வந்தது! எள்ளெண்ணெயில் வதக்கி, தண்ணீர் விட்டு, நேரம் போவது தெரியாமல் கொதிக்கவிட்டேன். “கயித்துல வளர்த்ததா இருந்தா இந்நேரம் கரைஞ்சு கூழாயிருக்கும், இது பாறைப் பாசி, இன்னும் கொதிக்க விடுங்க” என்றாள். கொதிக்கக் கொதிக்க சூப் பால் மாதிரி வெளுத்தது. அந்த அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, “எந்தத் தீவு?” என்று மட்டும் கேட்டாள். பெருமையாகச் சொன்னேன்.

முதல் கிண்ணம் பிள்ளை தருகிற சாமி சம்சின் தாய்க்கு வைத்துவிட்டேன், சோறும் தண்ணீரும் பக்கத்தில். என்ன கேட்க வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை. நன்றி என்று சொன்னேன். அப்புறம் போன வருஷத்துப் பிள்ளையைப் பற்றியும் ஒரு வார்த்தை சொன்னேன், அவளிடம்தானே அது இருக்கிறது, பார்த்துக்கொள்ளச் சொன்னேன்.

பேர் எதுவும் நான் யோசிக்கவில்லை. போன தடவை முன்கூட்டியே யோசித்துவிட்டோம். இந்தத் தடவை அவள் முகத்தைப் பார்த்துவிட்டு யோசிப்போம். நீ பார்த்துவிட்டாய், நான் இன்னும் பார்க்கவில்லை, என்னைவிட்டுவிட்டு வைத்துவிடாதே.

பிள்ளை பிறந்த அடையாளமாக வாசலில் கட்ட மக்ரே அக்கா வைக்கோல் கயிறு திரித்துக்கொண்டிருக்கிறாள். பெண் என்றால் அதில் செருகுவது கரித்துண்டும் பைன் கிளையும்தானே, தந்தி கொடுத்தால் கட்டிவிடுவாள். வெளிப்பாறையில் நான் விட்டுவந்த காது அங்கேயேதான் இருக்கிறதாம், கொப்தான் தினமும் போய்ப் பார்க்கிறாளாம். இந்தப் பனிக்காலத்திலும் பாறையை நானே சுரண்டுகிறேன். நீ கரையில் அவளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்து என்னைத் திட்டினால் போதும்.

நான் கீழே படிக்கட்டிலேயே உட்கார்ந்திருக்கிறேன். எங்கேயும் போகமாட்டேன். ஆறுவதற்குள் குடி யொன்னிம், இந்தத் தடவை குடி. நர்ஸம்மாவிடம் பேசிவைத்திருக்கிறேன், குடித்து முடித்ததும் அவளிடம் பானையை மட்டும் கொடுத்துவிடு, எனக்கு வேறு பதில் எதுவும் வேண்டாம். காலியாக அனுப்பு.

உன் தொக்பே.